தனம் லாரி சர்வீஸின் எடிட்டர்

செய்தி எனக்கு அரட்டைப் பெட்டியில்தான் வந்தது. செவ்வாய்க்கிழமை, பகல் இரண்டு மணி. தனலட்சுமி நேரலைக்கு வரும் நேரம் என்பதால் வழக்கம்போல் சேனலைத் திறந்து வைத்துக்கொண்டு, யாருக்கோ வாடகை ஒப்பந்தம் தட்டச்சு செய்துகொண்டிருந்தேன். ‘அக்கா இன்னைக்கு லேட்டா?’ என்று ஒருவர் கேட்டிருந்தார். அக்காவின் கணக்கிலிருந்தே பதில் வந்தது: ‘நான் அவங்க தம்பி மாரி. அக்கா காலைல தவறிட்டாங்க. இனிமே லைவ் வராது.’ சேனலின் உச்சியில், அவருடைய படத்துக்குக் கீழே, கடைசியாக விளையாடிய விளையாட்டின் பெயர் அப்படியே நின்றது: நெடுந்தூர லாரி.

இதைப் படிக்கும் உங்களில் பலர் அந்தச் சேனலின் நாற்பது பார்வையாளர்களில் இருந்தவர்கள். மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். பழவேற்காடு கோட்டைக்குப்பத்துத் தனலட்சுமி காலையில் பொன்னேரி மார்க்கெட்டில் நண்டும் இறாலும் விற்றார். பகல் இரண்டிலிருந்து நான்கு வரை, பனி கொட்டும் ஏதோ ஒரு தேசத்தில், கம்ப்யூட்டருக்குள் லாரி ஓட்டினார். அதை இணையத்தில் நேரலையாகக் காட்டினார். சேனலின் பெயர் ‘தனம் லாரி சர்வீஸ்’. முதல் தொழிலுக்காக ஊர் அவரை மதித்தது. இரண்டாவதைக் கேள்விப்பட்டதும் அந்த மதிப்பைக் கொஞ்சம் திரும்ப எடுத்துக்கொண்டது. கம்ப்யூட்டர், மாரி படிப்பதற்காக வாங்கியது. மாரி காட்டுப்பள்ளித் துறைமுகத்தில் ஷிஃப்ட் வேலைக்குப் போன பிறகு அது சும்மா கிடந்தது. சும்மா கிடக்கும் எதையும் அவருக்குப் பிடிக்காது.

பொன்னேரி தாலுகா அலுவலகத்துக்கு எதிரே எனக்கு மனு எழுதும் கடை. தன் தந்தை இறந்தபோது வாரிசுச் சான்றிதழ் மனுவுக்காகத் தனலட்சுமி வந்தார். தட்டச்சு செய்ததை வாங்கி ஒரு முறை மேலும் கீழும் பார்த்துவிட்டு, “பொருள்னு மேல ஒரு வரி போட்டுக்கிறியே சாரே, அது இன்னாத்துக்கு?” என்று கேட்டார். அதிகாரிகள் மனுவைப் படிக்க மாட்டார்கள், அந்த வரியைப் பார்த்துத்தான் எந்த மேசைக்குத் தள்ளுவது என்று முடிவு செய்வார்கள் என்றேன்.

“என் சேனல்லயும் அப்டி ஒண்ணு கீது. கேட்டகரின்னு பேரு. வண்டி ஓட்டும்போது அத மாத்த எனக்குக் கை ஒழியல. நீ பண்றியா?”

செய்கிறேன் என்றேன். அன்று மாலையே அந்த நேரலைத் தளம் என்னை, தலைப்பை மாற்றும் உரிமையுள்ள ‘எடிட்டர்’ என்று நியமித்தது. இருபது வருடமாக நகைச்சுவைக் கட்டுரைகளை அனுப்பி, எடிட்டர்களிடமிருந்து திரும்பப் பெற்றுவந்த எனக்கு, அந்தப் பதவி இப்படி வந்து சேரும் என்று தெரியாமல் போயிற்று.

வேலை எளியது. அவர் எந்த விளையாட்டுக்கு மாறுகிறாரோ, சேனலின் தலைப்பில் அந்தப் பெயரை மாற்ற வேண்டும். அந்தப் பெயரைத் தேடி வருகிறவர்களுக்குத்தான் சேனல் கண்ணில் படும். ஆனால் அவரிடம் ஒரு ஒழுங்கு இருந்தது. “மொதல்ல பேர மாத்து. அப்பறம்தான் நான் வண்டிய எடுப்பேன்.” நான் மாற்றி முடிக்கும்வரை இன்ஜினை உறுமவிட்டபடி காத்திருப்பார். நாற்பது பேரும் காத்திருப்போம். அரசாங்கக் கோப்புகள் எதற்கும் இவ்வளவு மரியாதை கிடைத்து நான் பார்த்ததில்லை.

ஒருநாள் தவறிவிட்டது. முந்தைய நாள் அவர் ஒரு விவசாய விளையாட்டை முயன்று பார்த்து, “நாத்து நட்டு நாலு நிமிசத்துல அறுக்கச் சொல்றான், இவன் எங்க விவசாயம் பாத்தான்” என்று விட்டுவிட்டார். மறுநாள் அவர் லாரி எடுத்த நேரத்தில், என் கடையில் சகோதரர்கள் இருவர் பாகப்பிரிவினைப் பத்திரத்தின் மேலேயே சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள். மாற்றிவிட்டேன் என்று நினைத்து அவரை எடுக்கச் சொல்லிவிட்டேன். இருபது நிமிடம் தனலட்சுமியின் லாரி, விவசாயம் என்ற தலைப்பில் ஓடியது. தெரிந்ததும் வண்டியை ஓரம்கட்டினார். அந்த நேரத்தில் விவசாயம் விளையாடிக்கொண்டிருந்த தமிழ்ச் சேனல்களைத் தேடி, ஒவ்வொன்றாகப் போய், ‘உங்க எடத்துல இருவது நிமிசம் நின்னுட்டேன், மன்னிச்சிக்கப்பா’ என்று எழுதிவிட்டு வந்தார். நாமக்கல்காரர் ஒருவர் மட்டும், யாருக்கா நீங்க, எந்த இடம் என்று பதில் போட்டார். வீட்டில் மூன்று நிஜ லாரி நிற்க, உள்ளே உட்கார்ந்து கேரட் நட்டுக்கொண்டிருந்த அவர், அன்றிலிருந்து நம் நாற்பதில் ஒருவரானார்.

இவ்வளவு எதற்கு என்று அடுத்த முறை பொன்னேரிக்கு வந்தபோது கேட்டேன். பழவேற்காடு ஏரியில் யார் எங்கே வலை போடுவது என்பதற்குப் பாடு என்று ஒரு முறை உண்டு. சீட்டு எடுத்து, இன்ன நாள் இன்ன இடம் இன்ன வீட்டுக்கு என்று பிரித்துக்கொள்வார்கள். இன்னொருவருக்குப் பாடு விழுந்த இடத்தில் போய் நிற்பதைப் போல மானக்கேடு அந்தக் கரையில் வேறில்லை. இதை விளக்கிவிட்டு, நண்டுக்கூடையைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு, ஏதோ பஸ் நேரம் சொல்வதுபோலச் சொன்னார்:

“பாடு ஆம்பளைங்க பேருக்குத்தான் சாரே. நைனாவுக்கு இருந்துச்சு, இப்ப மாரிக்கு. அவன் ஏரிப்பக்கமே போறதில்ல. நான் போவலாம்னா எனக்கு இல்ல. இந்த லாரி ஒண்ணுதான் என் பேர்ல கீது. அதுல சரியா நிக்கணும்.”

நாட்டு நடப்பு பற்றி வாரம் ஒரு கிண்டல் எழுதுகிறவன் நான். அந்த வாரம் எழுதவில்லை.

அவரோடு வழக்காடுவது சுகம். பெருமழை பெய்த ஒரு பகலில், மலைப்பாதை ஒன்றில் லாரியை நிறுத்திவிட்டு அரை மணி நேரம் தந்தையைப் பற்றிப் பேசினார். நண்டு கடித்தால் கடலைத் திட்டுவாராம் அந்த மனிதர். இது லாரியே இல்லை, விளையாடாமல் பேசுகிறவர்களுக்கான ‘சும்மா அரட்டை’ என்ற கேட்டகரிக்கு மாற வேண்டும் என்று ஒருவர் ஆட்சேபித்தார். எடிட்டர் என்ற முறையில் என்னிடம் தீர்ப்புக் கேட்கப்பட்டது. வாகனம் இயங்கும் நிலை, இயங்கா நிலை என்று நான் இரண்டு பத்திக்கு எழுதிக்கொண்டிருக்கும்போதே அவர் முடித்துவைத்தார். “வண்டி நிக்குது. நான் எறங்கல.”

பிறகு சிறுநீரகம் பழுதானது. வாரத்தில் மூன்று நாள் ரயிலேறிச் சென்னைக்குப் போய் டயாலிசிஸ் செய்துகொண்டு வந்தார். நேரலை வாரம் இரண்டானது, பிறகு ஒன்றானது. நோயைப் பற்றிப் பேசுங்கள், முகத்தைப் பெரிதாகக் காட்டுங்கள், கூட்டம் வரும் என்று நல்ல மனதோடு யோசனை சொன்னவர்கள் உண்டு. அந்தப் பாடு ஏற்கெனவே நிறையப் பேர் வலை போடுகிற இடம், தனக்கு வேண்டாம் என்றுவிட்டார். நம்மைத் தவிர அவரை நோயாளியாக நடத்தாதவர்கள் அநேகமாக யாரும் மிச்சமில்லை. தெருவில் பரிதாபம், பஸ்ஸில் பரிதாபம், மார்க்கெட்டில் பேரம் பேசுவதைக்கூட நிறுத்திவிட்டார்கள். அது அவரை மிகவும் புண்படுத்தியது. இரண்டு மணியிலிருந்து நான்கு மணி வரை மட்டும் அவர் லாரி டிரைவர்.

அதையும் நான் ஒருநாள் அவரிடமிருந்து பறித்துவிட்டேன். அவர் இறப்பதற்கு ஒரு மாதம் முன்பு. முந்தைய நாள் ஊசி ஏற்றிய கையில் வலி. விளையாட்டில் ஒரு பெட்ரோல் பங்கில் வண்டியை நிறுத்திவிட்டு, நாற்பது நிமிடமாக மெல்லப் பேசிக்கொண்டிருந்தார். இவ்வளவு நல்ல பேச்சை இவ்வளவு கொஞ்சம் பேர் கேட்கிறார்களே என்று எனக்கு ஆற்றாமை. அவரைக் கேட்காமல் கேட்டகரியை ‘சும்மா அரட்டை’ என்று மாற்றினேன். பத்து நிமிடத்தில் முன்னூறு பேர் வந்தார்கள். கூப்பிய கைகளும் பூக்களும் திரையில் ஏறின. என்ன வியாதி, எத்தனை வருடம் தாங்கும் என்று ஒருவர் கேட்டார். ஊசி போட்ட இடத்தைக் காட்டச் சொன்னார் இன்னொருவர். தனலட்சுமி படித்துக்கொண்டே வந்து, தலைப்பைப் பார்த்து நின்றார்.

“சாரே, இன்னான்னு போட்டுக்கிற?”

நிறையப் பேர் கேட்கட்டும் என்றுதான் செய்தேன் என்று எழுதினேன்.

“என்னிய எறக்கி வுட்டுட்டியே,” என்றார். குரலில் கோபம் இல்லை. “மாத்து.”

மாற்றினேன். முன்னூறு பேரும் கரைந்து போனார்கள். அவர் வண்டியைக் கிளப்பி, வலிக்கிற கையோடு பத்து நிமிடம் ஓட்டிக் காட்டிவிட்டு நேரலையை நிறுத்தினார். அடுத்த வாரம் ஒன்றும் நடக்காததுபோல “பேர மாத்திட்டியா சாரே?” என்றார். நான் மன்னிப்புக் கேட்கவில்லை. நேரில் வரும்போது மனுவாகவே எழுதிக் கொடுத்தால் சிரிப்பார் என்று நினைத்தேன். ‘பொருள்: தங்களை லாரியிலிருந்து இறக்கியது குறித்து’ என்று தட்டச்சும் செய்துவிட்டேன். அதன் பிறகு அவர் என் கடைப் பக்கம் வரவில்லை, ரயிலைப் பிடிக்க நேராக ஸ்டேஷனுக்குப் போய்விடுவார்.

விளையாட்டில் ஹாரனுக்கு என்று ஒரு பொத்தான் உண்டு. அவர் வளைவுகளில் வாயாலேயே அடிப்பார். இரண்டு மணி ஆனால் என் காது அதற்காகத் திறந்துகொள்கிறது. எதிரே தாலுகா அலுவலகத்தில் எத்தனையோ நிஜ வண்டிகள் வந்து ஹாரன் அடிக்கின்றன. ஒன்றும் அப்படி இல்லை.

பதினாறாம் நாள் காரியத்துக்கு நாமக்கல்காரரும் நானும் போனோம். சாப்பாடு முடிந்ததும் மாரி எங்களைக் கம்ப்யூட்டர் இருந்த அறைக்குக் கூட்டிப்போனார். தயங்கித் தயங்கித்தான் ஆரம்பித்தார்.

“ஊர்ல சிரிக்கிறாங்க சார். செத்தவ போட்டாவுக்குக் கீழ லாரின்னு போட்டுக்கீதுன்னு. அந்த எடத்தக் காலியா வுட முடியுமா?”

முடியாது, ஏதாவது ஒன்று இருந்தே ஆக வேண்டும் என்றேன்.

“அப்ப அந்த அரட்டையாவது போட்டுருங்க சார். கொஞ்சம் கவுரதயா இருக்கும்.”

நான் ஒருநாள் அரட்டை போட்டு அக்கா மாற்றச் சொன்னதையும், ‘இந்த லாரி ஒண்ணுதான் என் பேர்ல கீது’ என்று அவர் சொன்னதையும் மாரியிடம் சொன்னேன். வேறு யாரிடமும் அதுவரை சொன்னதில்லை. பாடு தன் பேரில் சும்மா கிடந்தும், அதைக் கொடு என்று அக்கா ஒருநாளும் தன்னிடம் கேட்டதில்லை என்றார் மாரி. கேட்டிருந்தால் என்ன செய்திருப்பார் என்று நான் கேட்கவில்லை.

“லாரியே இருக்கட்டும் சார்,” என்றார் கடைசியில். “அப்ப எடிட்டர்லேர்ந்து உங்க பேர எடுத்துரட்டுமா? இனிமே மாத்தறதுக்கு ஒண்ணும் இல்லயே.”

எடுக்க வேண்டாம் என்று கேட்டுக்கொண்டேன். தனலட்சுமி கொடுத்தவற்றில் என்னிடம் மிஞ்சியிருப்பது அந்த எடிட்டர் உரிமை ஒன்றுதான். அதை வைத்துக்கொண்டு என்ன செய்வீர்கள் என்று மாரி கேட்டார். வீட்டுக்கு வந்துதான் பதில் தெரிந்தது. தினமும் இரண்டு மணிக்குச் சேனலைத் திறக்கிறேன். கேட்டகரியை அழுத்தினால், மாற்றவா என்று கேட்கும் பெட்டி வருகிறது. தனலட்சுமியிடம் ஒருமுறை கேட்காமல் விட்ட அனுமதியைக் கேட்டு, கொஞ்ச நேரம் காத்திருந்துவிட்டு, மாற்றாமல் மூடுகிறேன்.