துங்கு என்றால் தூங்கு அல்ல

காலை ஐந்து மணிக்கு மெரிலேண்ட்ஸில் என் வான் வண்டியைக் கிளப்பினேன். மெல்பேர்ன் எண்ணூறு கிலோமீட்டருக்கு மேல். பக்கத்து இருக்கையில் பாயு, இந்தோனேசியாவில் தொழில்முறை உதைபந்தாட்டக்காரனாக இருந்தவன். சுரபாயா, மக்காசார் என்று ஊர் ஊராகக் கழகங்களின் பின்வரிசையில் நின்று கோல் தடுத்தவன். இப்போது முப்பத்திரண்டு வயது, ஒட்டுப்போட்ட முழங்கால். மறுநாள் மெல்பேர்னில், மல்கிரேவ் பக்கம் ஒரு கழகத்தில் தேர்வு. தேறாவிட்டால் ஊருக்குத் திரும்பி மாமனாரின் டயர்க் கடைதான்.

நான் மொழிபெயர்ப்பாளன். சிரிக்காதீர்கள். எட்டாம் வகுப்பில் இரண்டு முறை இருந்தும் படிப்பு என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை. ஆனால் படகேறப் போய்ப் பிடிபட்டு, இந்தோனேசியாவில் கிடந்த வருடங்களில் அவன் மொழி கொஞ்சம் ஒட்டிக்கொண்டது. முதலில் கேட்ட சொல் ‘துங்கு’. குடிவரவு அலுவலகத்தில் அதிகாரி அப்படிச் சொன்னதும், தூங்கச் சொல்கிறாராக்கும் என்று உட்கார்ந்திருந்த வாங்குப் பலகையிலேயே நீட்டி நிமிர்ந்துவிட்டேன். பொறு என்று அர்த்தமாம். இங்கே என் விசாவுக்கும் இன்றுவரை அதே பதில்தான், ஆங்கிலத்தில்.

பாயுவால் சும்மா இருக்க முடியவில்லை. கதவுக் கண்ணாடியை இறக்கினான், ஏற்றினான். வழியில் கோல்பேர்னில் காப்பி ஐந்தரை டொலர். வாங்கிக் கொடுத்தால் குடிக்காமல் வானைச் சுற்றி ஓடுகிறான். அவன் பேச்சை என் தமிழில் தருகிறேன். ‘பாங்’ என்றால் அண்ணன்.

“பாங், இன்னும் எவ்வளவு தூரம்?”

“இப்பதானேடா கேட்டனி? ரோட்டு இன்னும் சுருங்கேல்லை.”

“பின்வரிசைக்காரன்ர வேலையே பொறுக்கிறதுதான் பாங். பந்தோட வாறவன் அவசரப்படுவான். முதல்ல காலை நீட்டுறவன் தோத்தான்.”

“அப்ப முதல்ல உன்ர காலை டாஷ்போர்டில இருந்து எடு.”

மறுநாள் காலை ஒன்பது மணிக்கு மைதானம். பின்வரிசையில் நிற்பவன் வாய் திறந்து மற்றவர்களை நடத்த வேண்டும் என்றார் பயிற்சியாளர். பாயுவுக்கு இடப்பக்கம் பிரபு, கிளேட்டனில் படிக்கும் மதுரைக்காரன். எதிராளி பந்தோடு வந்தான். பாயு கத்தினான்: “துங்கு! துங்கு!”

பிரபு திகைத்துத் திரும்பிப் பார்த்தான். பந்து வலைக்குள்.

கோட்டோரம் நின்ற என்னிடம் பிரபு பாய்ந்தான். “அண்ணே, பட்டப்பகல்ல தூங்கச் சொல்றாரு இவரு! நக்கலா?”

பயிற்சியாளர் உதட்டைப் பிதுக்கினார். பாயுவின் முகத்தில் எனக்கு டயர்க் கடை தெரிந்தது.

“தம்பி, அது அவன்ர பாஷை! பொறு எண்டு அர்த்தம்! காலை நீட்டாத!”

அடுத்த முறை பிரபு பொறுத்தான். எதிராளி இடம் காட்டினான், வலம் காட்டினான், பொறுமையிழந்து பந்தைத் தள்ளிவிட்டான். பாயு அதைக் கடைத் தட்டில் வாழைப்பழம் எடுப்பதுபோல எடுத்தான். பிறகு ஒருவனும் தாண்டவில்லை. கடைசியில் பிரபுவே தங்கள் அணியில் வலப்பக்கம் நின்ற வெள்ளைக்காரனைப் பார்த்து, “தூங்கு மச்சி, தூங்கு!” என்று கத்திக்கொண்டிருந்தான். அவனும் பொறுத்தான்.

அது என்ன சொல் என்று பயிற்சியாளர் என்னைக் கேட்டார். “வெயிட்” என்றேன். நான் அவரைத்தான் பொறுக்கச் சொல்கிறேன் என்று நினைத்து, பாவம், கைகட்டி நின்றார். விளங்கியதும் வயிறு குலுங்கச் சிரித்து, இந்தப் பருவம் முழுக்க பாயு இங்கேதான் என்றார்.

பாயு பிரபுவின் அறையிலேயே தங்கிவிட்டான்.

“போயிட்டு வாறன்” என்றேன்.

“பாங், உங்கட விசா?”

“துங்கு.”

திரும்பும் வழியில் அவன் பக்கத்துக் கண்ணாடியை நானே ஏற்றி இறக்கிக்கொண்டு வந்தேன். கண்டகாயில் அலுப்புத் தாங்காமல் வானை ஓரங்கட்டி, பின்னால் ஏறிப் படுத்துக் காலை நீட்டினேன்.

சட்டென்று மடக்கிக்கொண்டேன்.