மூலையில் எரியும் பச்சை எண்

“கணக்குப் படிச்ச புள்ள நீ. பொட்டியத் தொறந்து என்னாத்தப் பாக்கப் போற? பேசாம தானா ராத்தா டவுன் கடையில குடுத்து ஃபார்மட் அடிச்சிரு லா.”

சொன்னவர் மாமா, அம்மாவின் தம்பி. மலைமேல் கோலா தெர்லாவில் முட்டைகோஸ் ஏற்றி, கீழே ஈப்போவில் இறக்கும் லோரி அவருடையது. திரும்பும் வழியில் எங்கள் தேயிலைத் தோட்டத்து லய வீட்டு வாசலில் லோரியை நிறுத்தி, ஒரு தேநீர் குடித்துவிட்டுத்தான் போவார். அன்றும் தேநீரோடு வந்து, கணினி முன் உட்கார்ந்திருந்த என் தலைக்குப் பின்னால் நின்று அப்படிச் சொன்னார். அதில் கேலி இல்லை, அக்கறைதான் இருந்தது. அதனாலேயே கூடுதலாக உறுத்தியது.

எங்கள் குடும்பத்தில் கல்லூரிக்குப் போன முதல் ஆள் நான். அதைச் சொல்ல எனக்குக் கூச்சம் கிடையாது. அம்மாவும் அப்பாவும் தேயிலை வெட்டி என்னைப் படிக்க வைத்தார்கள். கணக்கியலில் டிப்ளோமா முடித்து, தானா ராத்தாவில் ஒரு மொத்த வியாபாரியின் அலுவலகத்தில் உட்கார்ந்திருக்கிறேன். கணினி எனக்கு வரவு செலவு போடும் சாமான், அவ்வளவுதான். விளையாடுகிறவள் என் தங்கை.

அவளைப் பற்றிச் சொல்லாமல் இதைச் சொல்ல முடியாது. பள்ளியின் கடைசி வகுப்பான ஐந்தாம் படிவம் முடித்ததும் திரிங்காப்பில் பூத்தோட்டத்தில் கட்டு கட்டும் வேலைக்குப் போனாள். சம்பளம் வரும்போதெல்லாம் கணினிக்கு ஒரு பாகம் வாங்கினாள். முதலில் வெறும் கூடு வந்தது. பல மாதம் அது அம்மாவின் துணிக் கூடைக்கு முக்காலியாக இருந்தது. பிறகு மின்சாரப் பெட்டி, மதர்போர்டு. கடைசியாக யாரோ பயன்படுத்திய கிராபிக்ஸ் கார்டு. காணொளி பார்த்துப் பார்த்து எல்லாவற்றையும் தானே பூட்டினாள். ஆயுத பூஜை அன்று அம்மா அதன் நெற்றியில் திருநீறு இட்டுச் சந்தனமும் வைத்தார். அந்தப் பட்டை இன்னும் போகவில்லை.

அவள் ஆடுவது ஐந்து பேர் அணியாக ஆடும் சுடும் ஆட்டம். எனக்கு அதில் பாதி விளங்காது. ஆனால் அவள் ஆடுவதைப் பார்க்கப் பிடிக்கும். சுவருக்கு அந்தப் பக்கம் கேட்கும் காலடியை வைத்தே எதிரி எங்கே திரும்புவான் என்று சொல்லிவிடுவாள். எல்லாரும் பதறும் நேரத்தில் அவள் தோள்கள் தளர்ந்து கீழே இறங்கும், மூச்சு மெதுவாகும். அந்தத் தோள்கள் இறங்குவதைப் பார்த்தாலே, இந்தச் சுற்று நம்முடையது என்று எனக்குத் தெரிந்துவிடும்.

ஈப்போவில் ஒரு பெண்கள் அணி அவளைச் சேர்த்துக்கொண்டது. சேர்த்துக்கொண்டது என்றால், பாதி. ஆட்டத்தின் நடுவில் அவள் திரை உறைந்துபோகத் தொடங்கியிருந்தது. படம் நிற்கும், சத்தம் மட்டும் ஓடும். திரும்பி வரும்போது அவள் சுடப்பட்டுக் கிடப்பாள். இரண்டு ஆட்டம் அப்படிப் போனதும் கேப்டன் நேராகவே பேசினாள்.

“நீ நல்லா ஆடுற, அதுல ஒண்ணும் சொல்றதுக்கில்ல. ஆனா போட்டிக்கு நாள் இல்லடி. சனிக்கிழம நாலு மணிக்கு ஒரு டெஸ்ட் மேட்ச். அதுலயும் மாட்டுச்சுன்னா வேற ஆளப் போட்டுருவேன். கோவிச்சுக்காத.”

தங்கை கோபிக்கவில்லை. ஹெட்செட்டைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டாள். அப்போதுதான் நான் நாற்காலியை இழுத்துப் போட்டு அவள் பக்கத்தில் உட்கார்ந்தேன். மாமா வந்து ஃபார்மட் அடிக்கச் சொன்னதும் அப்போதுதான்.

முதலில் இணையத்தைச் சந்தேகப்பட்டோம். இங்கே மழை என்றால் எல்லாப் பழியும் அதன்மேல் போகும். ஆனால் வெயில் அடித்த வியாழக்கிழமை மாலையிலும் திரை உறைந்தது. அதற்கு முந்திய கணம் அவள் பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னாள்: “பாருக்கா, கேப்டன் வாயத் தொறந்தா போதும், நான் செத்துருவேன்.”

அவள் வேடிக்கையாகத்தான் சொன்னாள். நான் அடுத்த ஆட்டம் முழுக்க நடுத் திரையை விட்டுவிட்டு ஓரங்களை மட்டும் பார்த்தேன். உண்மைதான். இடது மூலையில் கேப்டனின் பெயர் மினுங்கியதும் படம் நின்றது.

அந்தப் பெயரைக் காட்டுவது, அணியினர் பேசிக்கொள்ளும் மென்பொருளின் ஓவர்லே. ஆட்டம் ஓயாமல் படம் படமாக வரைந்து திரைக்கு அனுப்பிக்கொண்டே இருக்கிறது. ஓவர்லே அந்த வழியில் நின்று, போகும் படத்தின்மேல் தன் பங்குக்கு எதையாவது எழுதி அனுப்பும். யார் பேசுகிறார்கள், எவ்வளவு வேகம், எவ்வளவு சூடு என்று. ஒன்று நின்றால் தொந்தரவில்லை. தங்கையின் கணினியில் எத்தனை நிற்கின்றன என்று தேடினேன். ஐந்து.

எப்படி ஐந்து வந்தன என்று கேட்டால் எங்கள் லயத்தை அறிந்தவர்களுக்குச் சிரிப்பு வரும். எங்கள் வீட்டுக்கு வருகிறவர்கள் வெறுங்கையோடு வர மாட்டார்கள். கணினி வந்த பிறகு அதற்கும் ஏதாவது கொடுத்துவிட்டுத்தான் போனார்கள். ஆட்டம் வாங்கிய இணையக் கடையின் மென்பொருளோடு ஒன்று வந்தது. கிராபிக்ஸ் கார்டோடு ஒன்று, அது ஆட்டத்தைப் பதிவும் செய்யும். பேச்சு மென்பொருள் கேப்டனின் கட்டளை. பெரியப்பா மகன் தீபாவளிக்கு வந்தபோது, ஆட்டத்தின் நல்ல நல்ல கட்டங்களைப் பதிவு செய்யட்டும் என்று ஒன்றைப் போட்டுவிட்டார். ஐந்தாவது மாமா போட்டது: வலது மூலையில் பச்சை எழுத்தில் கார்டின் சூட்டைக் காட்டும் எண்.

மாமாவுக்கு அந்த எண்மேல் உயிர். மலையேறும் லோரிக்காரருக்கு உலகத்தில் ஒரே எதிரி சூடுதான். ஈப்போவிலிருந்து ஏறி வரும்போது அவர் சாலையைப் பார்ப்பதைவிடச் சூட்டு முள்ளைத்தான் அதிகம் பார்ப்பார். எங்கள் வீட்டுக் குளிரில் கணினி சூடாகவே ஆகாது. ஆனாலும் வரும்போதெல்லாம் அந்த எண்ணைப் பார்த்துவிட்டு, “பாத்தியா, ஏறவே இல்ல!” என்று தன் லோரியைப் புகழ்வதுபோலப் புகழ்வார்.

என் படிப்பு சொன்ன வழியில் தொடங்கினேன். எல்லாவற்றையும் அணைத்துவிட்டு, ஒன்றை மட்டும் திறந்து, ஆட வைத்துப் பார்ப்பது. பிறகு அதை மூடி அடுத்தது. மூலையில் பெயர் வர வேண்டுமானால் யாராவது பேச வேண்டுமே? நான் கைப்பேசியை எடுத்துக்கொண்டு அடுப்படிக்குப் போய், பேச்சு மென்பொருளில் சேர்ந்து, “கேப்டன் பேசுறேன், கேப்டன் பேசுறேன்” என்று கத்தினேன். மீன் கழுவிக்கொண்டிருந்த அம்மா அதை விட்டுவிட்டு என்னை மேலும் கீழும் பார்த்தார்.

“படிக்கவச்சது இதுக்குத்தானா?”

“சும்மா இருங்கம்மா, வேல நடக்குது.”

ஐந்தையும் தனித்தனியாகச் சோதித்து முடித்தேன். ஒன்றிலும் பிழை இல்லை. திரை ஒருமுறைகூட நிற்கவில்லை. என் கணக்கின்படி இந்தக் கணினியில் கோளாறே கிடையாது. எனக்கு முகம் தொங்கிவிட்டது. மாமா சொன்னது சரிதானோ என்று தோன்றியது.

தங்கை மேகி மீ நூடுல்ஸை உறிஞ்சிக்கொண்டே சொன்னாள்: “நம்ம சொந்தக்காரங்க மாதிரிதான்கா இதுங்களும். ஆளு ஆளா வந்தா தங்கம். கல்யாண வீட்டுல சேத்து உட்டுப் பாரு.”

நான் எழுந்து அவள் கன்னத்தைக் கிள்ளினேன். என்னவென்று அவளுக்குப் புரியவில்லை. பிறகு இரண்டு இரண்டாகச் சேர்த்து விட்டுப் பார்த்தோம். பதிவு செய்யும் இரண்டும் சேர்ந்தால் ஆட்டம் தடுக்கித் தடுக்கி ஓடியது. கடை ஓவர்லேயும் கார்டு ஓவர்லேயும் ஒரே பொத்தான்களுக்குக் காத்திருந்தன. அழுத்தினால் இரண்டும் ஒன்றாகக் குதித்தன. பேச்சு மென்பொருளையும் மாமாவின் பச்சை எண்ணையும் சேர்த்து விட்டு, அடுப்படியிலிருந்து “கேப்டன் பேசுறேன்” என்றேன்.

“அக்கா! மாட்டிக்கிச்சு!”

அவ்வளவு சந்தோஷமாக ஒரு கோளாறை யாரும் வரவேற்றிருக்க மாட்டார்கள்.

அணிக்குத் தேவை பேச்சு மட்டும். அதன் ஓவர்லேயை வைத்துக்கொண்டு மற்ற நான்கையும் அணைத்தேன். ஆட்டம் வழுக்கிக்கொண்டு ஓடியது. எதையும் கணினியிலிருந்து எடுத்துப்போடவில்லை.

“மாமா போட்டுக் குடுத்தது. எடுத்தா மனசு கஷ்டப்படுவாரு” என்றாள் தங்கை.

“எடுக்க வேணாம், சும்மா அணச்சு வைப்போம்” என்றேன். அவரிடம் சொல்ல வேண்டும் என்று இருவருக்கும் தெரியும். பெரியவர் ஆசையாகச் செய்ததை வேண்டாம் என்று முகத்துக்கு நேரே சொல்லும் பழக்கம் எங்கள் இருவருக்கும் இல்லை. பார்க்க மாட்டார், விடு என்று விட்டுவிட்டோம்.

சனிக்கிழமை மூன்றரை மணிக்கு லோரி வந்து நின்றது. நான் குளித்துக்கொண்டிருந்தேன், தங்கை துணி எடுக்கப் போயிருந்தாள். நாலு மணிக்கு அவள் ஹெட்செட்டை மாட்டினாள், எங்களுக்கும் கேட்கட்டும் என்று ஒலிபெருக்கியையும் திறந்து வைத்தாள். மாமா பிளாஸ்டிக் நாற்காலியில் தேநீரோடு அமர்ந்தார். “இன்னிக்கு ஜெயிச்சிரு குட்டி” என்றார்.

முதல் பாதியிலேயே உறைந்தது. இரண்டு முறை. தங்கையின் தோள்கள் காதுவரை ஏறியதை அன்றுதான் நான் முதல்முறையாகப் பார்த்தேன். இடைவேளையில் கேப்டனின் குரல் ஒலிபெருக்கியில் எல்லாருக்கும் கேட்டது: “ரெண்டாவது பாதியிலயும் இப்புடின்னா முடிச்சுக்குவோம்டி, ஓகே?”

நான் திரைக்குக் குனிந்தேன். வலது மூலையில் பச்சை எண் எரிந்துகொண்டிருந்தது.

“அது அணஞ்சு கெடந்துச்சு. நான்தான் போட்டு உட்டேன்” என்றார் மாமா பெருமையாக. “போட்டின்னா சூட்டப் பாக்க வேணாமா?”

தங்கை என்னைப் பார்த்தாள். அவளால் சொல்ல முடியாது என்று அந்தப் பார்வையிலேயே இருந்தது. நானும் இதுவரை அவரிடம் எதையும் மறுத்துப் பேசியதில்லை.

“மாமா, அந்த நம்பருதான் ஆட்டத்த நிறுத்துது.”

“நம்பரு எப்புடிமா நிறுத்தும்? அது சும்மா மூலையில இருக்கு.”

“சும்மா இல்ல மாமா. கேப்டன் பேசினா அவங்க பேரு இடது மூலையில வரும். அதே நேரத்துல உங்க நம்பரும் மாறும். ரெண்டும் ஒரே படத்துல எழுதப் போயி இடிச்சுக்குதுங்க. மலப்பாதையில ரெண்டு லோரி எதிரும் புதிருமா வந்த மாதிரி. ஒண்ணு பின்னால போனாத்தான் வழி. கேப்டன பின்னால போகச் சொல்ல முடியாது.”

மாமா தேநீர்க் கோப்பையைப் பார்த்தார். கொளுந்து வெட்டிவிட்டு வந்து வாசலில் பூட்ஸைக் கழற்றிக்கொண்டிருந்த அம்மா அப்படியே நின்றுவிட்டார்.

“அப்ப சூடு ஏறினா எப்புடித் தெரியும்?” என்றார் மாமா கடைசியில். குரல் இறங்கியிருந்தது.

தங்கை ஹெட்செட்டை ஒரு காதிலிருந்து விலக்கினாள். “கைய வச்சுப் பாருங்க மாமா. சுட்டா சொல்லுங்க.”

நான் பச்சை எண்ணை அணைத்தேன். மாமா நாற்காலியை நகர்த்திக்கொண்டு வந்து, காய்ச்சல் பார்ப்பதுபோல, கணினியின் தலையில் உள்ளங்கையை வைத்தார். திருநீற்றுப் பட்டைக்கு நேர் மேலே. இரண்டாம் பாதி முழுவதும் அந்தக் கை நகரவில்லை.

கேப்டன் பேசினாள், பெயர் மினுங்கியது, படம் ஓடியது. மறுபடி பேசினாள், மறுபடி ஓடியது. ஓரிடத்தில் அணியில் தங்கை மட்டும் மிஞ்சினாள், எதிரே மூவர். நான் திரையைப் பார்க்கவில்லை. அவள் தோள்களைப் பார்த்தேன். மெதுவாக இறங்கின. அதற்கப்புறம் நடந்ததை எப்படி எழுதுவது என்று எனக்குத் தெரியவில்லை. ஒலிபெருக்கியில் நான்கு பெண்கள் ஒரே நேரத்தில் கத்தினார்கள், மாமாவும் எதற்கென்று தெரியாமல் கத்தினார். கை மட்டும் இருந்த இடத்திலேயே இருந்தது.

“குளுருதுமா” என்றார் என்னிடம். “சூடே இல்ல.”

தங்கை அணியில் இருக்கிறாள், முழுதாக. அலமாரிக்குப் பின்னால் கிடந்த பழைய மானிட்டரை மறுநாள் துடைத்து மாட்டி, மாமாவின் எண்ணைத் தனிச் சன்னலாக அதில் ஓட விட்டேன். ஆட்டத்தின்மேல் எழுதாததால் அது யாரோடும் இடிப்பதில்லை. எண்ணும் முன்னைவிடப் பெரிது. ஃபார்மட் பற்றி மாமா பிறகு பேசவேயில்லை. அலுவலகத்திலிருந்து நான் வந்து இறங்கினால், “டாக்டர் வந்துட்டாங்க” என்கிறார்.

கேப்டன் போன வாரம் என்னோடு பேச வேண்டும் என்றாள். “அக்கா, எங்க டீம்ல இன்னொருத்தி கம்ப்யூட்டரும் அப்பப்ப தானா அணஞ்சு போவுது. இங்க கடையில ஃபார்மட் அடின்னுதான் சொல்றாங்க. நீங்க பாப்பீங்களா?”

இது மென்பொருள் கோளாறு இல்லையென்றால் என்ன செய்வது என்று ஒரு கணம் யோசித்தேன். பிறகு கணினியை அனுப்பச் சொன்னேன். மாமாவின் லோரியில், காலிக் கூடைகளுக்கு நடுவே, கம்பளி சுற்றி மலையேறி வந்து சேர்ந்தது. இப்போது அது என் மேசைமேல் இருக்கிறது. பக்கத் தகட்டைக் கழற்றிவிட்டேன். திருகாணிகள் அம்மாவின் ஊறுகாய்ப் போத்தல் மூடியில் கிடக்கின்றன.