சனிக்கிழமையின் மிச்ச மருந்து

"மீதமிருந்த மருந்துக் கலவை முழுவதும் தண்ணீரில் கரைத்து அழிக்கப்பட்டது." ஒரு சனிக்கிழமை மாலை இந்த வரியை எழுதிக் கையெழுத்துப் போட்டேன். அது பொய். கலவை அழிக்கப்படவில்லை. பட்டாசுக்கு மருந்து கலக்கும் அறையில் ஒரு வாளியில் இருந்தது. அதை மூடி வைக்கச் சொன்னவன் நான்தான். திங்கட்கிழமை காலை அந்த அறையைத் திறந்தவரும், அடுத்த அறையில் திரி செருகிக்கொண்டிருந்த இரண்டு பெண்களும் செத்துப்போனார்கள்.

தெரியாமல் செய்தேன் என்று சொல்லிக்கொள்ள எனக்கு வழியில்லை. முப்பத்தோரு வருடம் மேல்நிலைப் பள்ளியில் வேதியியல் நடத்தியவன் நான். அலுமினியப் பொடியும் நைட்ரேட் உப்பும் கலந்து கிடக்கும்போது அதில் கொஞ்சம் ஈரம் ஏறினால் உள்ளுக்குள்ளேயே சூடு பிறக்கும், அமோனியா வாடை வரும். நிறையத் தண்ணீரில் கரைத்துவிட்டால் ஒன்றும் ஆகாது. கொஞ்சமாக நனைந்ததை மூடி வைப்பதுதான் ஆபத்து. எங்கள் பக்கத்துப் பட்டாசுத் தொழிற்சாலைகளில் இதற்காகவே ஒரு விதி உண்டு: அன்றைக்குக் கலந்த மருந்து அன்றைக்கே தீர வேண்டும், தீராததை மாலையில் கரைத்துவிட வேண்டும். கரைத்ததாக ஒரு நோட்டில் எழுத வேண்டும். அந்த நோட்டு என் பொறுப்பில் இருந்தது.

பள்ளியிலிருந்து ஓய்வு பெற்றபின் வீட்டில் உட்கார்ந்திருக்க முடியாமல் பயிற்சிக்குப் போய் போர்மேன் சான்றிதழ் வாங்கினேன். சான்றிதழ் உள்ள ஆள் இல்லாமல் தொழிற்சாலை நடத்த முடியாது. சாத்தூர்ப் பக்கம் ஒரு தொழிற்சாலையின் முதலாளி என்னிடம் படித்தவர். "சார், நீங்க இருந்தா எனக்குப் பாதி கவல தீந்துச்சு" என்று காரில் வந்து அழைத்துப் போனார். என் சான்றிதழைக் கண்ணாடி போட்டு அலுவலகச் சுவரில் மாட்டினார்கள். அதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குப் பெருமையாக இருந்தது. அந்தப் பெருமையையும் இங்கே சேர்த்துத்தான் சொல்ல வேண்டும்.

அந்த வருடங்களில் எங்கள் ஊர்கள் வளர்ந்துகொண்டிருந்தன. தொழிலாளிகள் வரும் கிராமத்துக்குச் சாலை பிரியும் விலக்கில் காலை ஏழரை மணிக்கு நின்றால் போதும், எல்லாம் தெரியும். முதலில் கம்பெனி வேன் வந்து பெண்களை ஏற்றிக்கொண்டு போகும். அடுத்த பத்து நிமிடத்தில் அதே இடத்தில் பொறியியல் கல்லூரி பஸ் வந்து அவர்கள் பிள்ளைகளை ஏற்றிக்கொண்டு போகும். காட்டு வேலைக்குப் போன தலைமுறை கம்பெனி வேலைக்கு வந்தது. அடுத்த தலைமுறை கழுத்தில் அடையாள அட்டையோடு நின்றது. ஓட்டு வீடுகள் மாடி வீடுகளாயின. ஒவ்வொரு வாசலிலும் ஒரு வண்டி. இவ்வளவும் ஒரு தீபாவளி சீசனை நம்பி நின்றது.

அந்த சீசனோ எங்கள் கையில் இல்லை. வடக்கே ஒரு நகரத்தில் புகை மூட்டம் என்றால் இங்கே லோடு நிற்கும். கோர்ட் ஒரு ரசாயனத்தைக் கூடாது என்றால் இரவோடு இரவாகக் கலவையை மாற்ற வேண்டும். நாங்கள் வரைபடத்தில் தேடிப் பார்க்காத ஒரு நாட்டில் சண்டை மூண்டால் இங்கே அலுமினியப் பொடி விலை ஏறும். மாதக்கணக்கில் ஆர்டரே இருக்காது. பிறகு ஒரே வாரத்தில் எல்லா ஆர்டரும் வந்து விழும். ஆறு மாத வேலையை ஆறு வாரத்தில் முடிக்கச் சொல்வார்கள். அறைக்கு நான்கு பேர் என்று கதவில் எழுதியிருக்கும். உள்ளே எட்டுப் பேர் இருப்பார்கள். சோதனைக்கு ஆள் வருவதாகச் செய்தி வந்தால் நாலு பேர் வேப்பமரத்தடியில் போய்ச் சாப்பாட்டுத் தூக்கைத் திறந்துகொண்டு உட்காருவார்கள். நான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அந்தச் சனிக்கிழமை மதியத்துக்கு மேல் தூறல் போட்டது. மருந்து கலக்கிறவர் நாற்பது வயதைத் தாண்டியவர், அதிர்ந்து பேசமாட்டார், இருபது வருட அனுபவம். உடம்பெல்லாம் வெள்ளிப் பொடி அப்பியிருக்க என்னிடம் வந்தார்.

"சார், இங்கன வந்து மோந்து பாருங்க. எங்க வீட்டு எரும இங்கன வந்துட்டுப் போயிருச்சு போல."

சிரித்துக்கொண்டேதான் சொன்னார். நான் போய்ப் பார்த்தேன். முக்கால் வாளி கலவை மிச்சம் இருந்தது. ஜன்னல் வழியாகச் சாரல் அடித்திருந்தது. மாட்டுத் தொழுவத்தின் நெடி லேசாக வந்தது. அது என்ன வாடை என்று ஆயிரக்கணக்கான பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்தவன் நான்.

முதலாளிக்குப் போன் போட்டேன்.

"சார், அலுமினியப் பொடி என்ன வெல விக்குதுன்னு ஒங்களுக்கே தெரியும். எங்கயோ சண்டை, எங்கயோ கப்பல் நிக்குது, நம்ம தலைல வந்து விடியுது. அம்புட்டையும் தண்ணில கொட்டிட்டு நான் எங்க போறது? மூடி வைங்க. திங்கக்கிழம மொத வேலையா அதப் போட்டுருவோம்."

"வாடை வருதுப்பா" என்றேன்.

"மழைக்கு எல்லாம்தான் வாடை வரும். நீங்க பாக்காததா சார்?"

போனை வைத்தேன். திரும்பி வந்து, "மூடி வைப்பா" என்றேன்.

"கரைக்க வேண்டாமா சார்?"

"திங்கக்கிழமை பாத்துக்குவோம்."

"நீங்க சொன்னாச் சரிதான். படிச்சவுக."

மூடியை அழுத்தி மூடிவிட்டு அவர் கை கால் கழுவப் போனார். நான் அலுவலகத்தில் உட்கார்ந்து நோட்டில் அந்த வரியை எழுதினேன். ஞாயிற்றுக்கிழமை தேவாலயத்துக்குப் போனேன். பிரசங்கம் எதைப் பற்றி என்று நினைவில்லை. வாளி நினைவு மட்டும் இரண்டு முறை வந்தது. இரண்டு முறையும் தள்ளிவிட்டேன்.

திங்கட்கிழமை நான் தொழிற்சாலைக்குப் பஸ்ஸில் போய்க்கொண்டிருந்தபோது சத்தம் கேட்டது. எல்லோரும் ஒரே பக்கம் திரும்பிப் பார்த்தார்கள். எழுந்த புகை எந்தத் திசையில் இருக்கிறது என்று கணக்குப் போட்டார்கள். தங்கள் வீட்டு ஆள் அந்தத் திசையில் இல்லை என்று தெரிந்தவர்கள் மட்டும் மூச்சு விட்டார்கள்.

விசாரணைக்கு வந்த அதிகாரிகள் முதலில் கேட்டது நோட்டைத்தான். அது அலுவலகத்தில் பத்திரமாக இருந்தது. சனிக்கிழமை மிச்சம் அழிக்கப்பட்டிருக்கிறது, போர்மேன் கையெழுத்து இருக்கிறது. அப்படியானால் திங்கட்கிழமை புதிதாகக் கலந்ததில்தான் தவறு நடந்திருக்க வேண்டும். 'தொழிலாளியின் அஜாக்கிரதை' என்று அறிக்கையில் எழுதினார்கள். அஜாக்கிரதை: ஒரே ஒரு சொல்.

அந்தச் சொல் கிராமத்துக்குப் போய்ச் சேர்ந்தபோது வளர்ந்துவிட்டது. ஞாயிற்றுக்கிழமை குடித்துவிட்டுத் திங்கட்கிழமை போதை தெளியாமல் வந்தான், தானும் செத்து இரண்டு பெண்களையும் கொன்றான் என்று பேசினார்கள். இறந்த பெண்கள் இருவரும் அதே தெருக்காரர்கள். குழாயடியில் மருந்து கலக்கியவரின் மனைவி குடத்தை வைத்தால் மற்றவர்கள் குடத்தை எடுத்துக்கொண்டு நகர்ந்தார்கள்.

அந்த அம்மாள் ஒருநாள் என் வீட்டுக்கு வந்தார். நாற்காலியைக் காட்டியும் உட்காரவில்லை.

"சார், எம் புருசன் குடிக்க மாட்டாக. ஒங்களுக்குத் தெரியும்ல?"

"தெரியும்மா."

"அத மட்டும் எங்க ஊர்ல வந்து ஒரு வார்த்த சொல்லுங்க சார். நீங்க சொன்னா நம்புவாக. எம் மகளுக்கு நாளைக்கு ஒரு எடம் வரணும்ல? வேற ஒண்ணும் வேண்டாம்."

"பாக்கலாம்மா" என்றேன். போகவில்லை. குடிக்கவில்லை என்றால் பின் எப்படி வெடித்தது என்று யாராவது கேட்பார்கள். அந்தக் கேள்விக்குப் பயந்தேன்.

நான்கு மாதத்தில் தொழிற்சாலையைத் திறந்தார்கள். நானும் போனேன். போகாவிட்டால் சந்தேகம் வரும் என்று எனக்கு நானே காரணம் சொல்லிக்கொண்டேன். இடிந்த அறைகளைக் கட்டி வெள்ளையடித்தார்கள். சுவரில் என் சான்றிதழ் அப்படியே இருந்தது. ஒரு சீசன் போய் அடுத்தது வந்தது. பிறகு ஒரு சனிக்கிழமை, மருந்து கலக்கப் புதிதாக வந்தவர் வாளியோடு என் முன்னால் நின்றார். அன்று மழை இல்லை, வாடை இல்லை.

"மூடி வச்சிரவா சார்?" என்றார்.

அவ்வளவுதான் கேட்டார். ஆமாம் என்றால் மூடியிருப்பார். திங்கட்கிழமை வந்து திறந்திருப்பார். நானே வாளியை வாங்கித் தொட்டியில் கொட்டினேன். முதலாளி போனில் கத்தினார். நான் போனை அணைத்துவிட்டு வீட்டுக்கு வந்தேன்.

மறுநாள் காலை தேவாலயத்துக்குப் போகாமல் அந்த அம்மாள் வீட்டுக்குப் போனேன். வாளி, சாரல், வாடை, போன், நோட்டு எல்லாவற்றையும் சொன்னேன். அழுவார், மண்ணை வாரித் தூற்றுவார் என்று எதிர்பார்த்தேன். அவர் அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தார். சொல்லி முடித்த பிறகும் கொஞ்ச நேரம் பொறுக்கினார்.

"இத எங்கிட்டச் சொல்லி என்ன சார் பிரயோசனம்? அவுக குடிக்கலன்னு எனக்கு மொதல்லயே தெரியும். அங்கன போய்ச் சொல்லுங்க" என்று விலக்கு இருந்த பக்கம் கையை நீட்டினார்.

திங்கட்கிழமை காலை ஏழரைக்கு விலக்கில் போய் நின்றேன். முப்பது பெண்கள் வேனுக்காக நின்றார்கள். "என்ன சார், இன்னைக்கு எங்களோட வேன்ல வாறீகளா? தூக்குச்சட்டி கொண்டாந்தீகளா?" என்று ஒருத்தி கேலி செய்தாள். நான் சொல்லத் தொடங்கியதும் சிரிப்பு நின்றது. முடிக்கும் முன்பே ஒரு பெண் முன்னால் வந்தாள். அடுத்த அறையில் இறந்தவர்களில் ஒருத்தியின் தங்கை.

"அப்ப எங்க அக்காளக் கொன்னது நீதானாய்யா? ரெண்டு வருசமா அந்த மனுசன் போட்டோவப் பாத்துக் காறித் துப்பிக்கிட்டு இருக்கேனே!"

என்னை அந்த ஊரில் யாரும் அதற்கு முன் 'நீ' என்று சொன்னதில்லை. சொல்லவேண்டிய ஆள் சொன்னாள். வேன் வந்தது. ஏறத் தயங்கினார்கள். டிரைவர் ஹாரன் அடித்தான். ஒவ்வொருவராக ஏறினார்கள். அவளும் ஏறினாள்.

அங்கிருந்து நேராகச் சூலக்கரை கலெக்டர் அலுவலகத்துக்குப் போனேன். திங்கட்கிழமை அங்கே மனு வாங்கும் நாள். வாசலில் ஒரு காவலர் என் பையைத் துழாவினார். "பெரியவரே, மண்ணெண்ணெய், தீப்பெட்டி எதுவும் இல்லையே?" என்றார். இல்லை என்றேன். உள்ளே போய் நான்கு பக்க வாக்குமூலத்தைக் கொடுத்தேன். வாங்கியவர் முதல் பத்தியைப் படித்துவிட்டு என்னை நிமிர்ந்து பார்த்தார். "நீங்களா எழுதினீங்க? யாரும் மிரட்டலையே?" என்று கேட்டார்.

பிறகு எல்லாம் வேகமாக நடந்தது. தொழிற்சாலைக்குச் சீல் வைத்தார்கள். என் சான்றிதழ் ரத்தானது. முதலாளி மீதும் என் மீதும் வழக்கு. ஜாமீனில் இருக்கிறேன். மறுவிசாரணை நடப்பதாகச் சொல்கிறார்கள். அஜாக்கிரதை என்ற சொல் இன்னும் அறிக்கையில் இருக்கிறது.

சீல் வைத்தது சீசன் உச்சத்தில். இருநூறு பேருக்கு வேலை போயிற்று. விலக்கில் வேன் நிற்கவில்லை. கல்லூரி பஸ் மட்டும் கொஞ்ச நாள் வந்தது. அதில் ஏறும் பிள்ளைகள் குறைந்ததும் அதுவும் வேறு பாதையில் போய்விட்டது. ஊர்க்காரர்கள் என்னைத் திட்டினார்கள், அது நியாயம். ஆனால் அந்த அம்மாளையும் திட்டினார்கள். கிழவனைத் தூண்டிவிட்டுக் கம்பெனியை மூட வைத்தவள் என்றார்கள்.

இதற்கு மேல் நடந்ததுதான் என்னைத் தூங்கவிடாதது. வேலையில்லாமல் அவர்கள் எத்தனை நாள் இருப்பார்கள்? அச்சங்குளம் கிராமத்துக்கும் அப்பால், சீமைக்கருவேலங்காட்டுக்குள் தகரக் கொட்டகை போட்டுப் பட்டாசு செய்கிறார்கள். லைசென்ஸ் கிடையாது, போர்மேன் கிடையாது, பொய் எழுதக்கூட ஒரு நோட்டு கிடையாது. என் வாக்குமூலம் அவர்களை அங்கேதான் கொண்டுபோய் விட்டது. அக்காளை இழந்தவள் அங்கே போகிறாள். அந்த அம்மாளும் அங்கே போகிறார். மகள் நர்சிங் இரண்டாம் வருடம்.

போன வாரம் விருதுநகர் பஸ் ஸ்டாண்டில் அவரைப் பார்த்தேன். ஒதுங்கிப் போய்விடலாம் என்று நினைத்தேன். அவரே கூப்பிட்டார்.

"சார், எம் புருசனப் பத்தி இப்ப யாரும் பேசுறதில்ல. போட்டோவுக்கு, அக்காளப் பறிகொடுத்த அந்தப் பிள்ள வந்து மால போட்டுட்டுப் போச்சு."

நான் ஏதோ சொல்ல வாயெடுத்தேன். அவர் கேட்காமல் தொடர்ந்தார்.

"அங்கயும் சனிக்கிழம மிச்சம் வைக்கிறாக சார். நான் கண்டா வாளி நெறையத் தண்ணிய ஊத்திருவேன். ரெண்டு தடவ ஊத்திட்டேன். மூணாவது தடவ ஊத்துனா வேலைக்கு வராதன்னு சொல்லிட்டாக. பீஸ் கட்டணும். என்ன செய்யன்னு சொல்லுங்க. நீங்க படிச்சவுக."

ஊற்று என்றால் மகளின் படிப்பு போகும். ஊற்றாதே என்றால் என்ன ஆகும் என்று எனக்குத் தெரியும். "ஊத்தும்மா. பீஸுக்கு நான் ஆச்சு" என்றேன். அவர் என்னை நம்பியதாகத் தெரியவில்லை. பஸ் வந்தது, ஏறிப் போய்விட்டார்.

மறுநாளே என் பென்ஷனிலிருந்து எடுத்துக் கல்லூரியில் கட்டி, ரசீதை அவர் வீட்டுக்கு அனுப்பினேன். பதில் இல்லை. அந்தக் கொட்டகை எங்கே என்று சொல்லி இன்னொரு மனுவும் கொடுத்தேன். போய்ப் பார்த்தபோது அங்கே ஒன்றும் இல்லை என்று பதில் வந்தது. கொட்டகையை வேறு இடத்துக்கு மாற்றிவிட்டார்கள். எங்கே என்று எனக்குத் தெரியாது.

இன்று சனிக்கிழமை. மதியத்திலிருந்து சாத்தூர்ப் பக்கம் கறுத்துக்கொண்டு நிற்கிறது. இப்போது தூறல் விழத் தொடங்கியிருக்கிறது. அவர் எண்ணுக்கு மூன்று முறை அழைத்துவிட்டேன். வேலை இடத்தில் போனை வாசலிலேயே வாங்கி வைத்துவிடுவார்கள்.