கம்பம் பள்ளத்தாக்கில் மூன்று விரல் அளவு தாளைத் தேடி

இந்தப் பதிவை நிம்மதியாக உட்கார்ந்து எழுதுகிறேன். இரண்டு வாரத்துக்கு முன் கேட்டிருந்தால், இனி எழுதவே போவதில்லை என்று சொல்லியிருப்பேன்.

தேனிப் பக்கத்துத் திராட்சைத் தோட்டங்களைப் பற்றி நான் எழுதிய பதிவைச் சிலர் படித்திருப்பீர்கள். அதில் முப்பத்தைந்து ஆண்டுகளுக்கு முன் பேச்சியம்மாள் என்ற தோட்டத் தொழிலாளி எழுதிய கடிதம் ஒன்றைச் சேர்த்திருந்தேன். கம்பம் பள்ளத்தாக்கில் ஒரு கிராமத்து நூலகம் அந்தக் காலத்தில் மாதம் ஒரு தாள் வெளியிட்டிருக்கிறது. கையால் எழுதி, உருட்டி நகலெடுத்த தாள். நூலகம் அவற்றையெல்லாம் ஸ்கேன் செய்து இணையதளத்தில் போட்டிருந்தது. திருச்சியில் என் வீட்டு நாற்காலியில் சாய்ந்தபடி அந்தக் கடிதத்தைப் படித்தேன். பதிவில் சேர்க்கும்போது, “தன் கைப்பட எழுதினார்” என்று ஒரு வரியும் போட்டேன். நன்றாக இருந்தது, போட்டேன். அவ்வளவுதான் காரணம்.

மூன்று மாதம் கழித்து அதன் கீழே ஒரு பின்னூட்டம் வந்தது. எழுதியவர் பெயர் செல்வராணி, ஊர் கூடலூர். “பேச்சியம்மாள் என் தாயார். அவருக்குக் கையெழுத்துக்கூடப் போடத் தெரியாது. சாகும்வரை கைநாட்டுத்தான். அவர் பெயரில் நீங்களே கதை எழுதி வைத்திருக்கிறீர்கள். எடுத்துவிடுங்கள்.”

ஆதாரத்தைக் காட்டிவிடலாம் என்று நூலகத்தின் இணைப்பைத் திறந்தால் பக்கம் இல்லை. நான் சேமித்தும் வைக்கவில்லை. இரண்டே நாளில் அந்தப் பின்னூட்டத்துக்குக் கீழே இன்னும் முப்பது பேர் சேர்ந்துவிட்டார்கள். “ஏழைகளை வைத்துக் கதை பண்ணும் கூட்டம்” என்றார் ஒருவர்.

பழைய மின்னஞ்சல்களைக் கிளறி நூலகத்தின் எண்ணைக் கண்டுபிடித்தேன். நூலகர் ஜெசிந்தா எடுத்தார். (இந்தப் பதிவில் எல்லாப் பெயர்களையும் மாற்றியிருக்கிறேன்.) தளத்தை வேறு இடத்துக்கு மாற்றிக்கொண்டிருக்கிறார்களாம், ஒரு மாதம் ஆகும் என்றார். “சரி, அசல் தாளைப் போட்டோ எடுத்து அனுப்ப முடியுமா?” என்று கேட்டேன்.

“அதெல்லாம் மூட்டை கட்டியாச்சே. வெள்ளிக்கிழமை காலையில பழைய பேப்பர்க்காரரு வாராரு. ஸ்கேன் பண்ணியாச்சுல்ல, எடத்தை அடைக்குதுன்னு கமிட்டியில முடிவு பண்ணிட்டாக.”

அன்று புதன்கிழமை. மாலை ஐந்து மணி.

வியாழன் காலை 5.10க்குத் திருச்சி மத்தியப் பேருந்து நிலையத்தில் மதுரை வண்டி ஏறினேன். மாட்டுத்தாவணிக்கு 8 மணிக்கு வந்தது. தேனிப் பக்கம் போகும் வண்டிகள் ஆரப்பாளையத்தில்தான் நிற்கும். இது தெரியாமல் மாட்டுத்தாவணியிலேயே சுற்றிக்கொண்டிருந்த இருவரை அன்றும் பார்த்தேன். நகரப் பேருந்தில் ஆரப்பாளையம் போக நாற்பது நிமிடம். 9.05க்குக் கம்பம் வண்டி, சீட்டு நூற்றுப் பத்து ரூபாய். வலப்பக்க ஜன்னல் கிடைத்தது. ஆண்டிபட்டிக் கணவாயில் ஏறி இறங்கும்போது மலை வெயிலில் வெளுத்துக் கிடந்தது. வைகை அணைக்குப் பிரியும் இடத்தில் ஒரு கல்லூரிக் கூட்டம் ஆரவாரத்தோடு இறங்கியது. சாதாரண நாளாக இருந்தால் நானும் இறங்கியிருப்பேன்.

தேனியில் கால்மணி நேரம் நின்றது. ஒரு டீ, ஒரு பன். சின்னமனூர் தாண்டியதும் இரு பக்கமும் வயலும் வாழையும் தென்னையும், பின்னால் நீலமாக மலை. 12.20க்கு உத்தமபாளையம். தேனியிலிருந்து சரியாக முப்பது கிலோமீட்டர்.

அங்கிருந்து ஆட்டோ. “எங்கன போகணும்?” என்றார் ஓட்டுநர். ஊர்ப் பெயரைச் சொல்லி, சர்ச்சுப் பக்கத்து லைப்ரரி என்றேன்.

“கம்ப்யூட்டர் லைப்ரரியா? பரீச்சைக்கு அப்ளிகேசன் போட ரெண்டு பிள்ளைகளை இப்பத்தான் எறக்கிவிட்டு வாரேன். என் மகளும் அங்கனதான் படிக்குது. வீட்ல எங்க நெட்டு கெடைக்குது?”

நூலகம் என்பது ஓடு வேய்ந்த இரண்டு அறைகள், முன்னால் ஒரு வராந்தா. பழைய மிஷன் காலத்துக் குடும்பங்கள் நிறைந்த ஊர். சர்ச் மதிலை ஒட்டி, ஊர் இளைஞர்கள் எப்போதோ கட்டியது. உள்ளே இரண்டு கணினிகளைச் சுற்றி ஏழு பெண்கள் போட்டித் தேர்வு விண்ணப்பம் நிரப்பிக்கொண்டிருந்தார்கள். மூன்றாவது மேசையில், தாளை விரித்து வைத்தால் மேலிருந்து படம் பிடிக்கும் ஸ்கேனர். வராந்தாவில் சணல் கயிறு போட்டு இறுக்கிய பன்னிரண்டு கட்டுகள்.

ஜெசிந்தாவுக்கு முப்பது வயது இருக்கலாம். நூலக அறிவியல் படித்தவர். அப்பாவுக்கு அதே ஊரில் ஒன்றரை ஏக்கர் திராட்சை. “போன் பண்ணுன அக்கா நீங்கதானா? இம்புட்டுத் தூரம் வருவீகன்னு நெனைக்கல. மொதல்ல தண்ணி குடிங்க.”

தண்ணீர் குடித்தேன். பிறகு விஷயத்தைச் சொன்னேன். பின்னூட்டங்களைக் காட்டினேன். அவர் முழுவதும் படித்துவிட்டு, தன் கணினியில் அந்தத் தாளின் ஸ்கேனைத் திறந்தார். தளம்தான் இல்லை, கோப்பு இருந்தது. எனக்குப் பாதி உயிர் வந்தது. தலைப்பில், “பேச்சியம்மாள் கடிதம்”. பக்கத்திலேயே கணவர் பெயர், ஊர்ப் பெயர். நான் கற்பனை செய்யவில்லை.

“இந்தா இருக்கே, போதும்லக்கா?”

போதாது என்றேன். கைநாட்டு வைத்தவர் எப்படி எழுதினார் என்ற கேள்விக்கு அந்தத் திரையில் பதில் இல்லை. செல்வராணி பொய் சொல்ல வேண்டிய அவசியமும் இல்லை. அசலைப் பார்க்க வேண்டும்.

கட்டுகளின் மேல் வருடம் எழுதியிருக்கவில்லை. ஒவ்வொன்றாகப் பிரித்தோம். தாள் பழுத்து ஓரமெல்லாம் பொடியாக உதிர்ந்தது. இரண்டு கட்டில் கரையான் பாதி தின்றிருந்தது. விண்ணப்பம் நிரப்ப வந்த பெண்களில் மூன்று பேர் அவர்களாகவே வந்து தரையில் உட்கார்ந்துகொண்டார்கள். ஒன்பதாவது கட்டில், 2.15க்கு, கிடைத்தது.

தலைப்பு அதேதான். கடிதமும் அதேதான்:

“மருந்து அடிச்ச பந்தலுக்குக் கீழதான் பிள்ளைக்குச் சேலையில தொட்டி கட்டணும்னு சொல்றாக. வெளிய மரத்துல கட்டுனா அடிக்கடி எந்திரிச்சுப் போறேனாம். கொடிக்கு அடிக்கிற மருந்து பூச்சியைக் கொல்லும்னா பிள்ளைய என்ன செய்யும்? நான் கட்ட மாட்டேன். நாளையிலருந்து வேற தோட்டம் பாத்துக்கிருவேன். ரெண்டு மைல் கூட நடந்தாலும் சரி.”

அதன் கீழே, திரையில் இல்லாத இரண்டு வரிகள் இருந்தன. “பேச்சியம்மாள் சொல்லச் சொல்லக் கேட்டு எழுதியது: சூசை. திருப்பிப் படித்துக் காட்டி, சரி என்று சொன்ன பிறகு அச்சுக்குக் கொடுத்தது.”

அந்த இரண்டு வரியையும் இன்னொரு முறை படித்தேன். செல்வராணி சொன்னது உண்மை. கடிதமும் உண்மை. பொய்யாக இருந்தது, நான் அழகுக்காகச் சேர்த்த ஒரே வரி.

ஜெசிந்தா தாளைத் தூக்கிக்கொண்டு ஸ்கேனர் பக்கம் போனார். அதன் விரிப்பில் குறித்திருந்த கட்டத்துக்குள் வைத்தார். தாள் கீழே மூன்று விரல் அளவு வெளியே நீட்டிக்கொண்டு நின்றது. அந்தக் காலத்து ஃபுல்ஸ்கேப் தாள், நீளம் அதிகம். ஸ்கேனர் ஏ4 அளவுக்கு வைக்கப்பட்டிருந்தது. அடுத்த கட்டிலிருந்து ஒன்று எடுத்து வைத்தார். அதுவும் நீட்டியது. இன்னொன்று. அதுவும்.

“ஆத்தாடி,” என்றார். “எல்லாத்துலயும் அடிவரியை வெட்டியிருக்கேன்.”

நான் அவருக்கு ஆறுதல் சொல்ல வாயெடுத்தேன். அவர் காதில் வாங்கவில்லை. கமிட்டிச் செயலாளருக்குப் போன் போட்டார். பத்து நிமிடத்தில் செயலாளர் டிவிஎஸ் வண்டியில் வந்தார். ஓய்வுபெற்ற கூட்டுறவுச் சங்க ஊழியர், வெள்ளை வேட்டி, கையில் வண்டிச்சாவி. பிரிந்து கிடந்த கட்டுகளைப் பார்த்ததும் முகம் மாறியது.

“ஏம்மா, ஸ்கேன் பண்ணியாச்சு, பேப்பர் வேண்டாம்னு நீதான சொன்ன? நாளைக்கி ஆள் வாரான். திங்கக்கிழமை மூணு கம்ப்யூட்டர் வருது. எங்கன வைப்ப?”

“நாந்தான்யா சொன்னேன். ஆனா தப்பாப் பண்ணியிருக்கேன். முழுசா விழுகலை.”

“ரெண்டு வரிதான? போகுது.”

ஜெசிந்தா தாளை அவரிடம் நீட்டினார். அவர் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு, தாளைக் கண்ணுக்கு அருகே பிடித்துப் படித்தார். வெகுநேரம் படித்தார். பிறகு குனிந்து இன்னொரு தாளை எடுத்தார். அதன் கீழும், “கேட்டு எழுதியது: சூசை.” மூன்றாவதிலும்.

“எங்கண்ணன்,” என்றார் என்னைப் பார்த்து. “பஞ்சாயத்துல பம்பு ஓட்டுனாக. சாயங்காலம் ஆனா இங்கன வந்து உக்காந்துருவாக. எழுதத் தெரியாத ஆளுக வரிசையா நிப்பாக. செத்துப் பதினாறு வருசம் ஆச்சு.” ஜெசிந்தாவிடம் திரும்பினார். “கம்ப்யூட்டர்ல அவுக பேரு ஒரு எடத்துலயும் இல்லையாம்மா?”

“இல்லைய்யா. எல்லாம் அடிவரியிலதான் இருந்திருக்கு.”

அவர் வராந்தாவுக்குப் போய் யாருக்கோ போன் பேசினார். உள்ளே வந்தவர், “பேப்பர்க்காரனை வர வேண்டாம்னுட்டேன்,” என்றார். “சர்ச்சு ஹால்ல ஒரு இரும்பு பீரோ சும்மாத்தான் நிக்கிது. பங்குச்சாமிகிட்டக் கேக்குறேன்.”

அன்று கம்பத்தில் பேருந்து நிலையத்துக்கு அருகே ஒரு விடுதியில் தங்கினேன். எழுநூறு ரூபாய், சுத்தமான அறை. எட்டு மணிக்கே தூங்கிவிட்டேன்.

வெள்ளிக்கிழமை காலை 9.30க்கு, கூடலூரில் செல்வராணியைப் பார்க்க என்னோடு வருவதற்காக ஜெசிந்தா கம்பம் வந்தார். தாளின் புகைப்படம் போதும் என்று நான் சொல்லியும் கேட்கவில்லை. அசலை அட்டைக்கோப்பில் வைத்து, மேலே பிளாஸ்டிக் உறை போட்டு, மார்போடு அணைத்துக்கொண்டு வந்திருந்தார். கூடலூர் பத்து கிலோமீட்டர், இருபத்தைந்து நிமிடம். நகரப் பேருந்து, பெண்களுக்குக் கட்டணமில்லை. ஏலக்காய்த் தோட்டத்துக்கு ஆள் ஏற்றும் ஜீப்புகள் அதிகாலையிலேயே குமுளிப் பக்கம் ஏறிவிடுமாம். நாங்கள் போனபோது தெரு ஓய்ந்திருந்தது.

பேச்சியம்மாள் மகள் செல்வராணி என்று கேட்டதும் அவருடைய தையல் கடையைக் காட்டினார்கள். நாற்பதுக்குள் வயது. கழுத்தில் அளவு நாடா. நான் யார் என்று சொன்னதும் தையல் மிஷினை நிறுத்தினார். ஆனால் எழுந்திருக்கவில்லை.

“வாங்க. எதுக்கு வந்தீக?”

“மன்னிப்புக் கேட்க வந்தேன். நீங்கள் சொன்னது சரி. உங்கள் அம்மா எழுதவில்லை. அவர் சொல்லியிருக்கிறார், வேறொருவர் எழுதியிருக்கிறார். நான்தான் கைப்பட எழுதினார் என்று போட்டுவிட்டேன்.”

ஜெசிந்தா கோப்பைத் திறந்து மிஷின் பலகையில் வைத்தார். செல்வராணி துணிகளை ஒதுக்கி, கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு, ஒருமுறை படித்தார். பிறகு உதடு அசைய மறுபடி படித்தார். படித்து முடித்ததும், “தொட்டியில கெடந்தது நாந்தான்,” என்றார்.

ஜெசிந்தா தாளை அவர் பக்கம் இன்னும் கொஞ்சம் நகர்த்தினார்.

“அம்மாவை எல்லாரும் சண்டைக்காரின்னுதான் சொல்லுவாக. ஒரு தோட்டத்துல நெலைச்சு நிக்க மாட்டா, வாயை வச்சுக்கிட்டுச் சும்மா இருக்க மாட்டான்னு. நானே சொல்லியிருக்கேன். எதுக்குச் சண்டை போட்டுச்சுன்னு ஒருத்தரும் சொன்னதில்ல. அம்மாவும் சொல்லல.” தாளைத் தொடாமல் அதன் மேலே ஒரு விரலை வரியோடு ஓட்டினார். “‘ரெண்டு மைல் கூட நடந்தாலும் சரி.’ இது அம்மா பேச்சுத்தான். இப்படித்தான் பேசும்.”

அப்புறம் டீ வந்தது. பக்கத்துக் கடையில் கேரளக்காரர் ஒருவர் போட்ட பழம்பொரி, அதாவது நேந்திரம்பழ பஜ்ஜி, வந்தது. நான் செல்வராணியிடம், பதிவையே எடுத்துவிடட்டுமா என்று கேட்டேன்.

“எடுக்காதீக. அந்த ஒரு வரியை மட்டும் மாத்துங்க. எழுதுனவுக பேரையும் போடுங்க.”

மதியம் 1.40க்குக் கூடலூரிலிருந்து நேராக மதுரை வண்டி கிடைத்தது. தேனிவரை விழித்திருந்ததாக ஞாபகம். அதன் பிறகு கண்டக்டர் தட்டி எழுப்பியபோது ஆரப்பாளையம்.

போக நினைப்பவர்களுக்குச் சில விஷயங்கள். அந்த நூலகம் மதியம் 12 முதல் மாலை 7 வரை திறந்திருக்கும், ஞாயிறு பூசை முடிந்தும் இரண்டு மணி நேரம். உத்தமபாளையத்திலிருந்து ஆட்டோவுக்கு எண்பது ரூபாய் ஆகும். ஊர்ப் பெயரை இப்போதைக்கு எழுத வேண்டாம் என்று ஜெசிந்தா கேட்டுக்கொண்டார். எல்லாத் தாள்களையும் மறுபடி ஸ்கேன் செய்து முடிக்க அவருக்கு நேரம் வேண்டும். தேவைப்படுபவர்கள் எனக்கு எழுதுங்கள், சொல்கிறேன். பழைய தாள் எதையாவது இணையத்தில் படித்து எடுத்தாள்வதாக இருந்தால், உடனே சேமித்துக்கொள்ளுங்கள். பக்கத்தின் ஓரம் தெரிகிறதா என்று பாருங்கள். ஓரம் தெரியவில்லை என்றால் அசலை வைத்திருப்பவருக்கு ஒரு போன் போடுங்கள். உங்கள் ஊர் நூலகத்தில் ஸ்கேன் வேலை நடந்தால், தாளின் நீளத்தை ஒருமுறை அளந்து பார்க்கச் சொல்லுங்கள். கணினி வந்ததால் அந்த ஊர்ப் பெண்களுக்கு நடக்கும் நல்லதை நான் கண்ணால் பார்த்தேன். திரையில் அந்தத் தாள் இல்லாமல் இருந்திருந்தால், பேச்சியம்மாளை எனக்கும் தெரிந்திருக்காது. ஆனால் அந்த ஒன்பதாவது கட்டு வெள்ளிக்கிழமை எடைக்குப் போயிருந்தால், நான் காலம் முழுக்கப் பொய்க்காரிதான். சூசை என்று ஒருவர் இருந்ததே இல்லை என்று ஆகியிருக்கும்.

என் பழைய பதிவைத் திருத்திவிட்டேன். செல்வராணியின் பின்னூட்டத்தை நான் நீக்கவில்லை, அவரும் நீக்கவில்லை. நேற்று அதன் கீழே அவரே இன்னொன்று எழுதியிருந்தார்: “அம்மா சொன்னதுதான். தாளைப் பார்த்தேன்.”