டைனோசர் குகைக்குள் போன படகு

பருத்தித்துறைப் பக்கம் கடற்கரை ஊரிலே, கடலுக்குப் போகிற அப்பாவுக்கு மகளாகப் பிறந்தும், சின்ன வயதில் நான் படகு ஏறியதே இல்லை. எங்கள் ஊரில் பெண்கள் படகில் ஏறமாட்டார்கள், கரையில் நிற்பார்கள். ஆகவே யாழ்ப்பாணத்துக்குக் கிட்டப் புதிதாகத் திறந்த பூங்காவில் பிள்ளைகளைப் படகிலேற்றி டைனோசர் குகைக்குள் கொண்டுபோகிறார்களாம் என்று பள்ளிக்கூடத்தில் கேள்விப்பட்டதிலிருந்து, நான் வீட்டில் ஒருவரையும் நிம்மதியாகச் சாப்பிட விடவில்லை.

காற்று மோசமாகித் தொழிலுக்குப் போக முடியாத ஒரு நாளில் அப்பா எங்களை பஸ்ஸில் கூட்டிப்போனார். அந்தப் பிளாஸ்டிக் படகில் நாலு பேர் இருக்கலாம். நான், தம்பி, அப்பா. நாலாவது இடம் அம்மாவுக்கென்று நான் எப்போதோ முடிவு கட்டியிருந்தேன். அம்மாவோ எங்கள் செருப்புகளை வாங்கிக் கையில் வைத்துக்கொண்டு கம்பியோரம் போய் நின்றுவிட்டார்.

"நான் இதிலை நிக்கிறன். நீங்கள் போட்டு வாங்கோ."

எவ்வளவு கெஞ்சியும் அசையவில்லை. எனக்கு அழுகையே வந்துவிட்டது.

போதாததற்கு அப்பாவின் கூத்து வேறு. ஏறுமுன் அந்த நீலத் தண்ணீரைத் தொட்டுக் கண்ணில் ஒற்றினார். விசிலோடு நின்ற பொடியன் முன்னுக்கு இருக்கச் சொன்னான். அப்பா கேட்கவில்லை.

"படகு ஓட்டுறவன் பின்னாலைதான் இருக்கோணும், தம்பி."

ஓட்டுவதற்கு அதில் ஒன்றுமே இல்லை, அது தன்பாட்டில் போனது. குகைக்குள் டைனோசர் வாயைப் பிளந்து எங்கள்மேல் தண்ணீரைக் கொப்பளித்தது. நானும் தம்பியும் பயந்து குளறினோம். அப்பா தொப்பியைக் கழற்றி, படகுக்குள் நின்ற தண்ணீரை மளமளவென்று வெளியே இறைத்தார். பின்னால் வந்த படகில் இருந்தவர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். என் மானம் போய்விட்டது. அவ்வளவு பெரிய டைனோசரை அப்பா ஏறெடுத்தும் பார்க்கவில்லை.

கரைக்கு வந்ததும் அம்மா எங்கள் தலைகளைச் சேலைத் தலைப்பால் துவட்டிவிட்டார். அத்தனை சனத்துக்கு முன்னால் அப்பாவின் தலையையும் துவட்டினார். பிறகு சொன்னார்:

"இன்னொருக்கா போட்டு வாங்கோ."

பூங்கா வாசலில் காசு வாங்கிக்கொண்டு கையில் கட்டிவிட்ட பட்டிக்கு எத்தனை தரமும் போகலாம். போனோம், வந்தோம், திரும்பவும் போனோம். ஒவ்வொரு தரமும் அப்பா தண்ணீர் இறைத்தார். ஒவ்வொரு தரமும் அம்மா சிரித்த முகத்தோடு அதே கம்பியோரம் நின்றார். தம்பி ராட்டினத்துக்குப் போவோம் என்று சிணுங்கியும் அம்மா விடவில்லை, பூங்கா பூட்டும்வரை எங்களை அனுப்பிக்கொண்டே இருந்தார். பாவம், தனக்கு டைனோசர் பயம், எங்களையாவது ஆசைதீர விடுகிறார் என்று நினைத்தேன். அம்மாவை அவ்வளவு சந்தோஷமாக நான் அதற்கு முன் கண்டதில்லை.

இப்போது என் வீட்டுக்காரரும் கடலுக்குப் போகிறார். அவர் வரும்வரை எனக்குச் சோறு இறங்காது. அப்பாவின் படகு கண்ணுக்கு மறைவதையும், ஒரு தேத்தண்ணி ஆறுவதற்குள் பிள்ளைகளோடு திரும்பி வருவதையும் அம்மா வேறு எந்தக் கரையில் நின்று பார்த்திருப்பார்?