மேல்மாடிக்கு மட்டும் வரும் நடுக்கம்

என் மனைவி ராஜேஸ்வரிக்கு இல்லாத நோயொன்று இருப்பதாக நம்ப வைத்தவன் நான். இதைச் சுற்றி வளைத்துச் சொல்ல இந்த வயதில் தெம்பில்லை.

கோலாலம்பூரில் நில அதிர்வு பெரும்பாலும் தெருவுக்கு வருவதில்லை. கடலுக்கு அப்பால் சுமத்ராவில் பூமி குலுங்கினால், இங்கே உயரமான கட்டடங்களின் மேல்மாடிகள் மெல்ல ஆடும். கீழே கடையில் தே தாரே என்னும் ஆற்றிய தேநீர் குடிப்பவரின் கோப்பையில் சலனம்கூட இருக்காது. பிரிக்ஃபீல்ட்ஸில் நாங்கள் குடியிருந்தது பதினேழாவது மாடி. நான் புவியியல் சொல்லிக்கொடுத்த டியூஷன் மையம் பக்கத்துத் தெருவில், தரைத்தளத்தில். ஆட்டம் அவளுக்கு வந்தது. அதைப் பற்றிய தீர்ப்பை நான் சொன்னேன்.

"வீடு ஆடுதுங்க" என்று அவள் முதலில் சொன்னபோது சிரித்தேன். மலேசியா நிலத்தட்டுகளின் விளிம்பில் இல்லை என்று வகுப்பில் வரைபடத்தில் கோடு இழுத்துக் காட்டுபவனல்லவா? மறுமுறை சொன்னபோது கிளினிக்குக்கு அழைத்துப்போனேன். அவளைப் பேசவிடாமல் நானே ஆங்கிலத்தில் தலைசுற்றல் என்றேன். மாத்திரை கொடுத்தார்கள். சில மாதங்கள் கழித்து, அடுக்குமாடிவாசிகள் அதிர்வை உணர்ந்ததாக நாளிதழில் ஒரு சின்னச் செய்தி வந்தது. அதற்கு முன்தினம் அவள் மறுபடி ஆடியதாகச் சொன்ன நேரத்தோடு அது பொருந்தியது. பக்கத்தைப் புரட்டிவிட்டேன். அவளிடம் தோற்க மனமில்லை, அவ்வளவுதான்.

திருச்சியில் மலைக்கோட்டைப் படிகளைக் கைப்பிடி தொடாமல் ஏறியவள் அவள். இங்கே பத்துமலை அடிவாரத்திலேயே நின்று கும்பிட்டுத் திரும்பத் தொடங்கினாள். கடைவீதிக்குத் தனியாகப் போவதும் நின்றது. உறவினர் தொலைபேசியில் கேட்டால், "எனக்குத் தலை சரியில்லை" என்று அவளே சொன்னாள்.

ஒரு மாலை வேலை முடிந்து வந்தபோது எங்கள் கட்டட வாசலில் கூட்டம். பலர் வீட்டு உடையில், செருப்பில்லாமல். ஒரு சீனப் பெரியவர் பூனையை மார்போடு அணைத்திருந்தார். காவலாளி "கெம்பா" என்றார். மலாயில் நில அதிர்வு. இங்கே அது வராதே என்று என் அரைகுறை மலாயில் அவருக்குப் பாடம் எடுத்தேன். எனக்கு மயக்கம் என்று எண்ணி அவர் ஒரு நாற்காலி கொண்டுவந்து போட்டார்.

பக்கத்து வீட்டுச் சாந்தி கூட்டத்திலிருந்து வந்தாள். "நாங்கல்லாம் ஓடி வந்துட்டோம்லா அங்கிள். ஆன்டி கதவத் தட்டுனேன், தொறக்கல. வெளிய போயிருக்காங்கன்னு நெனச்சேன்."

லிஃப்டை நிறுத்தியிருந்தார்கள். மூச்சு வாங்க ஏறினேன். ராஜேஸ்வரி நெற்றியில் ஈரத்துணியோடு கண்மூடிக் கிடந்தாள்.

"இன்னிக்கு ரொம்ப மோசங்க. மாத்திர போட்டும் நிக்கல. யாரோ கதவத் தட்டுனாங்க. எந்திரிச்சா விழுந்துருவேன்னு படுத்தே கெடந்தேன்."

கட்டடத்துக்கு ஒன்றும் ஆகவில்லை. ஆகியிருந்தால், என் பேச்சை நம்பியவள் மட்டும் மேலே கிடந்திருப்பாள்.

அன்றே எல்லாவற்றையும் சொன்னேன், நாளிதழ் செய்தி உட்பட. அவள் ஒன்றுதான் கேட்டாள்: "பேப்பர்ல பாத்தப்பவே தெரியுமா?" தெரியும் என்றேன். மறுபக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள்.

மருத்துவரிடம் போய் நடந்ததைச் சொல்லி மாத்திரையை நிறுத்தினேன். சாந்தியிடமும் உறவினரிடமும் தவறு என்னுடையது என்றேன். பிறகு கிள்ளானில் ஒரு தரைவீட்டுக்குக் குடிமாறினோம். அங்கே எதுவும் ஆடுவதில்லை. ஆனால் சமையல் நடுவில் அவள் சட்டென நிற்பாள். "இப்ப ஆடுச்சா?" இல்லை என்பேன். உண்மைதான். ஆனால் முன்பு பொய்யாகச் சொன்னதும் இதே 'இல்லை'தான். அவள் காதுக்கு இரண்டுக்கும் வித்தியாசம் கிடையாது.

போன மாதம் திருச்சி போனோம். உறையூரில் அவள் தம்பி வீட்டுக் கூடத்தில் நடந்துகொண்டிருந்தவள் சட்டெனச் சுவரில் கை ஊன்றி நின்றாள். என்னைக் கேட்கவில்லை, தம்பி மனைவியிடம் கேட்டாள்.

"மலேசியாவுல வீட்டுல இருக்கீங்களா, கப்பல்ல இருக்கீங்களா அண்ணி?" என்று அந்தப் பெண் சிரித்தாள்.

ராஜேஸ்வரியும் சிரித்தாள். ஆனால் உள்ளங்கையைச் சுவரிலிருந்து எடுக்கவில்லை. பக்கத்தில் போய் நானும் கையை வைத்தேன். பிறந்த ஊரின் சுவர் அசையாமல் இருந்தது. அதை நான் அவளிடம் சொல்லவில்லை.