முந்நூறு ரோல்ஸ்

எங்கள் மோர்னிங்சைட் வீட்டு பேஸ்மென்டில் ஒரு யப்பான் குடும்பம் வாடகைக்கு இருந்தது. அந்த அங்கிளைக் கனடாவுக்குக் கூட்டிவந்த கொம்பனி இரண்டாம் வருடமே கிளையை இழுத்து மூடிவிட்டது. மனுசன் அதை வெளியில் மூச்சு விடவில்லை. தினமும் கோட்டும் ரையுமாக வெளிக்கிட்டு, பின்னேரம்வரை லைப்ரரியில் இருந்துவிட்டு வருவார். மனைவி வேலைக்குப் போவது தனக்கு மரியாதைக் குறைவென்று நினைத்தார். எங்கள் அப்பாவும் முதலில் அந்தக் கட்சிதானாம்.

கையிருப்புக் கரைந்தது. மாதக் கடைசியில் யப்பானுக்குத் திரும்பி, அங்கிளின் தமையன் வீட்டில் ஒதுங்குவதாக முடிவானது. அவர்களின் மகள்தான் எனக்கு ஒரே சிநேகிதி. பத்து வயதில் அதைவிடப் பெரிய அநியாயம் எனக்குத் தெரியாது. அப்போதுதான் அன்ரி மேலே வந்து, ஏதாவது வேலை கிடைக்குமா என்று அம்மாவிடம் இரகசியமாகக் கேட்டார்.

சித்தியின் சாப்பாட்டுக்கடையில் மறுநாள் ஒரு கலியாணத்துக்கு முந்நூறு ரோல்ஸ் ஓடர். சுற்றுகிற பெண் வரவில்லை. பள்ளிக்கூட லீவு என்பதால் என்னையும் சிநேகிதியையும் இழுத்துக்கொண்டு, அம்மா அன்ரியை அங்கே கொண்டுபோய் நிறுத்தினார்.

அன்ரி மெல்லிய தோசையில் கறியை வைத்துச் சுற்றி, ஒவ்வொன்றையும் தூக்கி நாலு பக்கமும் பார்த்தார். ஒரு மணித்தியாலத்தில் முப்பதுதான் முடிந்தது.

"உதென்ன, கண்காட்சிக்கோ வைக்கப்போறா?" என்றார் சித்தி.

பொரிக்கும்போது சித்தி சுற்றியதில் பாதி வாயைப் பிளந்து கறியைக் கக்கியது. அன்ரியுடையதில் ஒன்றுகூட வெடிக்கவில்லை. சித்தி தன் தோசைத் தட்டை அன்ரியின் பக்கம் தள்ளினார்.

"இனி நீங்களே சுத்துங்கோ. நான் பொரிக்கிறன்."

பின்னேரம் அங்கிள் வந்துவிட்டார். அப்பாதான் இடத்தைச் சொல்லியிருக்கிறார். அன்ரியைத் திருப்பிக் கூட்டிப்போகத்தான் வந்திருக்கிறார் என்று நினைத்தேன். அன்ரி கையை நிறுத்தாமல் யப்பானிய மொழியில் ஏதோ சொன்னார். மகள் என் காதில் மொழிபெயர்த்தாள்: "முடிச்சிட்டுத்தான் வருவனாம்."

அங்கிள் கோட்டைக் கழற்றி மடித்து அரிசிச் சாக்கின்மேல் வைத்தார். சட்டைக் கையைச் சுருட்டிக்கொண்டு, குவிந்து கிடந்த சட்டிகளைக் கழுவத் தொடங்கினார்.

முந்நூறும் நேரத்துக்குப் போய்ச் சேர்ந்தன. சித்தி அன்ரியைக் கட்டிப்பிடித்து, நாளையிலிருந்து இரண்டு பேரும் வரவேணும் என்றார். யாரும் யப்பானுக்குப் போகவில்லை. அங்கிள் ஈரக்கையோடு சிரித்துக்கொண்டே நின்றார்.

எனக்குத்தான் எரிச்சல். அந்தக் கடையில் லீவுக்குச் சட்டி கழுவுவது என் உரிமை. கழுவினால் இரண்டு ரோல்ஸ் கிடைக்கும். பெரிய ஒபிசில் இருந்த மனுசன் என் வேலையைப் பறித்துவிட்டு ஏன் இவ்வளவு சந்தோசப்படுகிறார் என்று விளங்காமல், ஒரு கிழமை அவரோடு நான் கதைக்கவேயில்லை.